மெதுவாக நடிக்கும் தொழில்: சிங்கப்பூரில் குடும்பப் படங்களுக்கான அனிமேஷன் கலைஞராக முழுமையான வழிகாட்டி

தொண்ணூறு நிமிட அனிமேஷன் படம் ஒன்றில், விநாடிக்கு 24 பிரேம் (தனித்தனிப் படம்) வீதம், 129,600 பிரேம்கள் இருக்கின்றன. பெரிய பட்ஜெட் படத்தில் ஓர் அனிமேட்டர் வாரத்திற்கு மூன்று முதல் ஐந்து விநாடி முடித்தாலே நல்ல வேகம். ஆண்டு முழுக்க உழைத்தாலும் திரையில் அவருடைய பங்கு மூன்று, நான்கு நிமிடத்தைத் தாண்டுவது அரிது. அந்த மூன்று நிமிடத்துக்குள் ஒரு கரடிக்குட்டி தன் அம்மாவிடம் பொய் சொல்லி மாட்டிக்கொள்கிறது என்று வையுங்கள். அதைப் பார்த்து ஐந்து வயதுக் குழந்தை சிரிக்க வேண்டும். டிக்கெட் வாங்கி அழைத்து வந்த அப்பாவும் வேறு காரணத்துக்காக அதே நேரத்தில் சிரிக்க வேண்டும். குடும்பப் படத்தில் அனிமேட்டரின் வேலை, கணினிக்கு முன் உட்கார்ந்து மிக மிக மெதுவாக நடிப்பதுதான்.

இதைச் சிங்கப்பூரில் தொழிலாகக் கொள்ள விரும்புவோருக்கு ஒன்றை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். இங்கே முழுநீள அனிமேஷன் படங்கள் எப்போதாவதுதான் எடுக்கப்படுகின்றன. ஸ்டூடியோக்களுக்குச் சோறு போடுபவை குழந்தைகளுக்கான தொடர்கள், விளம்பரங்கள், விளையாட்டுகள், வெளிநாட்டுப் படங்களிலிருந்து வரும் பங்கு வேலைகள். படத்துக்குப் போகும் பாதை தொடர்கள் வழியாகத்தான் போகிறது. அதை இறக்கமாக நினைப்பவர்களுக்கு இந்த ஊர் ஒத்துவராது.

முதல் படி: எந்த நாற்காலி என்று முடிவு செய்யுங்கள்

“அனிமேஷன் செய்கிறேன்” என்று சொல்வது, “மருத்துவமனையில் வேலை செய்கிறேன்” என்று சொல்வதைப் போன்றது. அறுவைச் சிகிச்சை நிபுணரா, கதிரியக்கப் பிரிவில் படம் எடுப்பவரா, கணக்குப் பார்ப்பவரா என்று அதிலிருந்து தெரியாது.

கதையைப் படக்கட்டங்களாக வரைந்து பார்ப்பவர் ஸ்டோரிபோர்டு கலைஞர். அந்தக் கட்டங்களைத் தற்காலிகக் குரலோடு நேர அளவுப்படி ஓடவிட்டால் அது அனிமேட்டிக். கதாபாத்திரத்தின் உருவத்தை முப்பரிமாணத்தில் செதுக்குபவர் மாடலர். அந்த உருவத்துக்குள் எலும்பும் மூட்டும் வைத்து, புருவத்தைத் தூக்கவும் உதட்டைச் சுழிக்கவும் பிடிகள் அமைத்துக் கொடுப்பவர் ரிக்கர்; அவர் அமைப்பதுதான் ரிக். அந்தப் பிடிகளைக்கொண்டு நடிக்க வைப்பவர்தான் அனிமேட்டர். பிறகு தண்ணீர், புகை, தூசிக்கென்று எஃபெக்ட்ஸ் பிரிவு. வெளிச்சத்துக்கு லைட்டிங். எல்லா அடுக்குகளையும் ஒன்றாகச் சேர்த்து இறுதிப் படம் ஆக்குபவர் காம்பாசிட்டர். இவர்கள் எல்லாரையும் அட்டவணைக்குள் இழுத்துப் பிடிப்பவர் தயாரிப்பு ஒருங்கிணைப்பாளர். வரையத் தெரியாமலும் அனிமேஷனை நேசிப்பவர்களுக்கு இது அருமையான இடம். ஏனோ யாரும் பள்ளிப் பிள்ளைகளுக்கு இதைச் சொல்வதில்லை.

இரண்டு மூன்று துறைகளைத் தொட்டுப் பார்த்துவிட்டு ஒன்றில் நில்லுங்கள். சிறிய ஸ்டூடியோவில் ஒருவரே இரண்டு நாற்காலியில் உட்கார வேண்டியிருக்கும் என்பது உண்மைதான். ஆனால் வேலைக்கு எடுக்கும்போது அவர்கள் தேடுவது ஒன்றை நன்றாகச் செய்பவரை. நடிக்கும் ஆசை இல்லாமல், பொறியின் உள்ளே என்ன நடக்கிறது என்று பார்க்கும் ஆர்வம் உள்ளவர்கள் ரிக்கிங் பக்கம் போகலாம். நல்ல ரிக்கர் கிடைக்காமல் தவிக்கும் ஸ்டூடியோக்களைப் பார்த்திருக்கிறேன். நல்ல ரிக்கர் வேலை கிடைக்காமல் தவித்ததை அவ்வளவாகப் பார்த்ததில்லை. இனி வரும் பகுதிகள் பெரும்பாலும் கதாபாத்திர அனிமேட்டரை மனத்தில் வைத்து எழுதியவை.

இரண்டாம் படி: கணினியைத் திறப்பதற்கு முன் கண்ணைத் திறங்கள்

டிஸ்னியின் மூத்த அனிமேட்டர்களான ஃபிராங்க் தாமஸும் ஆலி ஜான்ஸ்டனும் 1981-இல் எழுதிவைத்த பன்னிரண்டு அடிப்படைக் கோட்பாடுகள் இன்றும் எல்லா வகுப்பறைகளிலும் கற்பிக்கப்படுகின்றன. நசுங்குதலும் நீளுதலும், செயலுக்கு முந்திய ஆயத்தம், வளைவுப் பாதை, வேகம் கூடிக் குறைவது, மிகைப்படுத்தல் என்று அந்தப் பட்டியல் போகிறது. மனப்பாடம் செய்வது எளிது. ஒரு பாட்டி பஸ்ஸில் எழுந்திருக்கும்போது அதை அடையாளம் காண்பதுதான் கடினம். அவர் முதலில் எழவே மாட்டார். பையைத் தொடையோடு அணைத்துக்கொள்வார், ஒரு கை கம்பியைத் தேடும், உடல் முன்னால் சாயும், அதற்குப் பிறகுதான் இடுப்பு இருக்கையை விட்டுக் கிளம்பும். எழுவதற்கு முன் நடக்கும் இத்தனையும்தான் ‘ஆயத்தம்’.

இதற்குச் சிங்கப்பூரைப் போல வசதியான ஊர் கிடைக்காது. தேக்கா ஈரச்சந்தையில் மீன் வெட்டுபவரின் தோளைப் பாருங்கள்; கத்தி இறங்குவதற்குமுன் தோள் எவ்வளவு உயர்கிறது என்பது மீனின் பருமனைச் சொல்லிவிடும். உணவங்காடி நிலையத்தில் தட்டுகளை அடுக்கிச் செல்லும் முதியவரின் நடை, காலையில் ஒருவிதமாகவும் மதிய நெரிசலுக்குப் பிறகு வேறுவிதமாகவும் இருக்கும். புளோக்கின் கீழ்த்தளத்தில் சதுரங்கம் ஆடுபவர்கள் அசையவே மாட்டார்கள், ஆனாலும் யார் தோற்கிறார் என்று தூரத்திலிருந்தே தெரியும். ஏன் தெரிகிறது என்று உட்கார்ந்து வரைந்து பாருங்கள்.

குடும்பப் படம் என்றால் விலங்குகள் வராமல் இருக்காது. மண்டாய் விலங்கியல் தோட்டத்துக்குப் போகலாம். காசு செலவழிக்காமல் பார்க்க வேண்டுமானால் பீஷான் - அங் மோ கியோ பூங்காவில் காலாங் ஆற்றோரம் நீர்நாய்க் குடும்பங்கள் வரும். தண்ணீரில் வழுக்கிக்கொண்டு போகும் நீர்நாய், கரையேறியதும் வேறு விலங்காகிவிடுகிறது. ஓடும்போது முன்னங்கால்கள் இரண்டும் ஏறக்குறையச் சேர்ந்து விழும், முதுகு வில்லாக வளையும், பின்னங்கால்கள் அந்த வளைவை முன்னால் தள்ளும். தடித்த வால் மட்டும் எப்போதும் கொஞ்சம் தாமதமாக வந்து சேரும். அந்தத் தாமதத்தில்தான் உடலின் எடை தெரிகிறது. புகைப்படம் எடுக்க வரிசையாக நிற்கும் கூட்டத்துக்கு நடுவே ஒரு சிறிய நோட்டோடு நில்லுங்கள். அரை நிமிடத்துக்கு ஒரு கோட்டோவியம், அதற்கு மேல் வேண்டாம். அழகாக வந்தால் தவறு. வேகமாக வரவில்லை என்று பொருள்.

நடிப்பையும் கற்றுக்கொள்ளுங்கள். மேடையேற வேண்டும் என்பதில்லை. தமிழ் நாடகக் குழு ஒன்றின் ஒத்திகைக்குப் போய் மூலையில் உட்கார்ந்திருந்தாலே, ஒரே வசனத்தை நான்கு விதமாகச் சொல்லிப் பார்க்கும்போது உடம்பு எப்படி மாறுகிறது என்று தெரிந்துவிடும்.

மூன்றாம் படி: படிக்கும் இடம்

உயர்நிலைப் பள்ளி முடிப்பவர்களுக்குப் பலதுறைத் தொழிற்கல்லூரிதான் வழக்கமான வாசல். அங் மோ கியோவில் இருக்கும் நன்யாங் பலதுறைத் தொழிற்கல்லூரியில் அனிமேஷன், விளையாட்டு, விஷுவல் எஃபெக்ட்ஸ் மூன்றையும் சேர்த்த மூன்றாண்டு டிப்ளோமா இருக்கிறது. லாசால் கலைக் கல்லூரியில் அனிமேஷன் டிப்ளோமாவும் பட்டப் படிப்பும் உண்டு. லாசாலும் நன்யாங் நுண்கலைக் கழகமும் இணைந்து 2024 முதல் சிங்கப்பூர்க் கலைப் பல்கலைக்கழகம் என்ற குடையின் கீழ் வந்திருக்கின்றன. நன்யாங் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் கலை, வடிவமைப்பு, ஊடகப் பள்ளி 2005-இல் தொடங்கியது. புல்வெளி போர்த்திய கூரையைக் கொண்ட கட்டடம் அதுதான். டிஜிபென் 2008-இல் சிங்கப்பூருக்கு வந்தது. சிங்கப்பூர்த் தொழில்நுட்பக் கழகத்துடன் இணைந்து மின்னிலக்கக் கலை, அனிமேஷன் பட்டப் படிப்பை நடத்துகிறது. தொழில்நுட்பக் கல்விக் கழகத்திலிருந்து படிப்படியாக ஏறி வந்தவர்களும் ஸ்டூடியோக்களில் இருக்கிறார்கள்; ரீல், அதாவது உங்கள் சிறந்த ஷாட்டுகளின் தொகுப்புக் காணொளி, ஓடும்போது யாரும் சான்றிதழைக் கேட்பதில்லை.

பெற்றோர் பலருக்குத் தெரியாத ஒன்று: பலதுறைத் தொழிற்கல்லூரிகளிலும் தொழில்நுட்பக் கல்விக் கழகத்திலும் தேர்வு முடிவுகள் வருவதற்கு முன்பே, திறனையும் ஆர்வத்தையும் வைத்து இடம் தரும் முன்கூட்டிய சேர்க்கை முறை இருக்கிறது. வரைந்த படைப்புகளின் தொகுப்பும் நேர்காணலும் அங்கே பேசும். தொகுப்பில் ஜப்பானியக் கார்ட்டூன் நாயகர்களை நகலெடுத்து நிரப்பாதீர்கள். தேர்வாளர்கள் அதே முகங்களை நாள் முழுக்கப் பார்த்திருப்பார்கள். உங்கள் தாத்தா பேப்பர் படித்தபடியே தூங்கிப்போன நிலைகளைப் பத்துக் கோட்டோவியங்களாகக் காட்டினால் நிமிர்ந்து உட்காருவார்கள்.

வேறு வேலையிலிருந்து மாற நினைப்பவர்களுக்கு: பயிற்சிக் கட்டணத்துக்காக அரசு 25 வயதில் தரும் 500 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) ஸ்கில்ஸ்ஃபியூச்சர் தொகையும், 40 வயதைத் தொட்டவர்களுக்கு 2024 மே மாதம் முதல் கூடுதலாகக் கிடைக்கும் 4,000 வெள்ளியும் உதவும். பின்னதைத் தெரிவுசெய்யப்பட்ட பயிற்சிகளுக்கு மட்டுமே பயன்படுத்தலாம். கட்டணம் கட்டுமுன் பட்டியலில் அந்தப் பயிற்சி இருக்கிறதா என்று பாருங்கள்.

பள்ளியைத் தேர்ந்தெடுக்கும்போது கட்டடத்தையும் கணினிகளையும் பார்த்து மயங்க வேண்டாம். கடந்த ஆண்டு இறுதியாண்டு மாணவர்களின் குறும்படங்களைப் போட்டுப் பாருங்கள். கதாபாத்திரம் யோசிப்பது தெரிகிறதா? கைகால் மட்டும் ஆடுகிறதா? கேட்க வேண்டியது அது ஒன்றுதான்.

நான்காம் படி: மென்பொருள், சுருக்கமாக

முப்பரிமாண ஸ்டூடியோக்களில் மாயாதான் இன்னும் பொது மொழி. மாணவர்களுக்கு இலவச உரிமம் கிடைக்கிறது. இருபரிமாணத் தொடர்களில் டூன் பூம் ஹார்மனி. பிளெண்டர் எல்லாருக்கும் எப்போதும் இலவசம். அதை விளையாட்டுப் பொருள் என்று ஒதுக்கியவர்களும், 2025-இல் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கரைப் பிளெண்டரில் உருவான லாத்வியப் படம் வென்ற பிறகு பேச்சை மாற்றிக்கொண்டார்கள். ஒன்றைக் கற்றால் மற்றொன்றுக்கு மாறச் சில வாரங்கள் போதும். முகத்தில் எந்தத் தசை முதலில் அசைகிறது என்பதைக் கற்கத்தான் ஆண்டுகள் ஆகும்.

ஐந்தாம் படி: ஒரே ஒரு ஷாட்டை முழுமையாக முடியுங்கள்

பயிற்சிக்கு நான்கு விநாடி எடுத்துக்கொள்வோம், 96 பிரேம். காட்சி இது: சமையலறையில் பாட்டி முறுக்கு டின்னைத் திறந்து ஒன்றைக் கடித்து மெல்லத் தொடங்குகிறார். சர்க்கரை, இரத்த அழுத்தம், எல்லாம் உண்டு, மருத்துவர் தடுத்திருக்கிறார். பேத்தி உள்ளே நுழைகிறாள். பாட்டி டின்னை முதுகுக்குப் பின்னால் மறைக்கிறார். வசனம் இல்லை.

முதலில் நீங்களே நடித்துக் கைப்பேசியில் பதிவு செய்யுங்கள். முதல் சில முறை எடுத்தது எல்லாம் நடிப்பாக இருக்கும். களைத்துப்போய் எடுப்பதில்தான் உண்மை எட்டிப்பார்க்கும். அதைப் பார்த்துச் சிறுபடங்களாக முக்கிய நிலைகளை வரையுங்கள்: வாய்க்கருகில் முறுக்கு, சத்தம் கேட்ட கணம், மறைக்கும் பாய்ச்சல், பிடிபட்ட புன்னகை. நான்கு நிலைகளையும் கறுப்பு நிழலாக நிரப்பிப் பாருங்கள். நிழலை மட்டும் பார்த்தே கதை புரிந்தால் நிலை சரி. டின் முழுவதும் உடலுக்குப் பின்னால் மறைந்துவிட்டால் குழந்தைப் பார்வையாளருக்குப் பாட்டி ஏன் நெளிகிறார் என்று புரியாது. ஓரத்தில் டின்னின் மூடி எட்டிப்பார்க்கட்டும்.

அடுத்தது பிளாக்கிங். நிலைகளைக் கணினியில் வைத்து, இடைநிலைகள் இல்லாமல் தத்தித் தத்தி ஓடவிடுவது. நேரத்தை இங்கேதான் தீர்மானிக்க வேண்டும். மறைக்கும் பாய்ச்சலுக்கு ஐந்தாறு பிரேம் போதும். அதற்குமுன் பாட்டி உறைந்து நிற்கும் இடத்துக்கு அரை விநாடியாவது கொடுங்கள். புதியவர்கள் செய்யும் தவறு இதற்கு நேரெதிர்: எல்லா அசைவுக்கும் சமமான நேரம். அப்போது பாட்டி லிஃப்டுக்குள் இருக்கும் அறிவிப்புக் குரலைப்போல ஒரே சீராக இயங்குவார்.

பிறகு ஸ்ப்ளைன். கணினி இடைநிலைகளை நிரப்பும். நிரப்பியவுடன் எல்லாம் தண்ணீருக்குள் நடப்பதைப்போல மிதக்கும். மனம் தளர வேண்டாம், எல்லாருக்கும் அப்படித்தான். ஒவ்வொரு வளைவுக்கோடாகத் திருத்திக்கொண்டே போகவேண்டும். கண்மணி முதலில் கதவுப் பக்கம் திரும்பட்டும், இரண்டு மூன்று பிரேம் கழித்துத் தலை, அதற்குப் பிறகு தோள். திரும்பும்போது ஒரு இமைப்பு. கடைசியில் பாலிஷ்: மென்றுகொண்டிருந்த தாடை பாதியில் நிற்பது, புன்னகைக்குள் ஒரு முறுக்குத் துண்டு கன்னத்தைப் புடைக்கச் செய்வது, பாட்டியின் சேலைத் தலைப்பு ஒரு கணம் பிந்தி அடங்குவது.

கன்னம் புடைப்பதில் குழந்தை சிரிக்கும். பேத்தியைப் பார்த்துக்கொண்டே பாட்டி மெல்லாமல் நிற்பதில் பெரியவர் சிரிப்பார், ஏனென்றால் அவர் வீட்டிலும் அப்படி ஒரு பாட்டி இருப்பார். குடும்பப் படம் இரண்டு பார்வையாளர்களுக்கும் ஒரே ஷாட்டில் வேலை செய்வது இப்படித்தான்.

ஆறாம் படி: ரீல்

ஒரு நிமிடம் போதும். ஒன்றரை நிமிடம் உச்சவரம்பு. மிகச் சிறந்த ஷாட்டை முதலில் வையுங்கள். இரண்டாவது சிறந்ததைக் கடைசியில். சந்தேகமாக இருப்பதைத் தூக்கி எறியுங்கள். பலவீனமான ஒரு ஷாட், பக்கத்தில் இருக்கும் நல்ல ஷாட்டின் மீதும் ஐயத்தைக் கிளப்பும்.

குடும்பப் படம் செய்யும் ஸ்டூடியோவுக்கு அனுப்பும் ரீலில் வாள் சண்டையும் வெடிப்பும் வேண்டாம். இரண்டு பேர் பேசும் ஷாட் ஒன்று, வசனமே இல்லாத உணர்வு ஷாட் ஒன்று, எடையைக் காட்டும் உடலசைவு ஒன்று, நாலு கால் விலங்கு ஒன்று. குழுவாகச் செய்த படத்தில் உங்கள் பங்கு எது என்று ஒவ்வொரு ஷாட்டின் கீழும் எழுதுங்கள். இலவச ரிக்கைப் பயன்படுத்தியிருந்தால் அதைச் செய்தவரின் பெயரையும் போடுங்கள். சிங்கப்பூர் சிறிய ஊர். அடுத்தவர் வேலையைத் தன்னுடையது என்று காட்டியவரின் கதை ஒரு மதிய உணவு நேரத்துக்குள் மூன்று ஸ்டூடியோக்களைச் சுற்றிவிடும்.

பின்னணி இசையைப் பற்றி அதிகம் யோசிக்காதீர்கள். பெரும்பாலும் ஒலியை அணைத்துவிட்டுத்தான் பார்க்கிறார்கள்.

ஆண்பிள்ளைகளுக்கு இடையில் வருவது தேசிய சேவை. டிப்ளோமா முடித்ததும் இரண்டு ஆண்டுகள் கை துருப்பிடித்துவிடும் என்ற பயம் நியாயமானது. சேர்வதற்குமுன் ரீலை முடித்து வைத்துவிடுங்கள், பாதியில் விட்ட கோப்பை இரண்டு ஆண்டு கழித்துத் திறந்தால் உங்களுக்கே புரியாது. முகாமுக்குள் இருப்பதை எதையும் வரைய வேண்டாம். வார இறுதியில் வீடு திரும்பும் ரயிலில் நின்றபடியே தூங்குபவர்களை வரையுங்கள். சேவை முடிந்து வரும்போது ஒரு நோட்டு நிறைந்திருக்கும்.

ஏழாம் படி: சந்தையைப் புரிந்துகொண்டு வேலை தேடுங்கள்

‘ஸ்டார் வார்ஸ்’ படங்களை எடுத்த லூக்காஸ்ஃபில்ம் 2004-இல் இங்கே கிளை தொடங்கியது. 2014-இல் ஒன்-நார்த் வட்டாரத்தில் அதன் சாண்ட்கிராலர் கட்டடம் திறந்தபோது, இந்தத் துறை இனி இந்த ஊரில் நிலைத்துவிட்டது என்று எல்லாரும் நினைத்தோம். 2023-இல் அதன் விஷுவல் எஃபெக்ட்ஸ் பிரிவான இண்டஸ்ட்ரியல் லைட் அண்ட் மேஜிக், சிங்கப்பூர் ஸ்டூடியோவை மூடுவதாக அறிவித்தது. முந்நூறுக்கும் மேற்பட்டோர் பாதிக்கப்பட்டார்கள். அவர்களின் திறமையில் குறையில்லை. உலகச் சந்தையில் கணக்கு மாறியது, அவ்வளவுதான். பெரிய பெயரின் கீழ் சேர்ந்துவிட்டால் வாழ்க்கை முழுக்க நிழல் என்ற எண்ணத்தை அந்த ஆண்டோடு விட்டுவிட வேண்டும்.

மறுபக்கம், உள்ளூர் நிறுவனங்களின் கதை. ஒன் அனிமேஷன் இங்கிருந்து உருவாக்கிய ‘ஆட்பாட்ஸ்’ தொடரில் வசனமே கிடையாது. பஞ்சு உடை அணிந்த ஏழு பாத்திரங்களின் உடல்மொழிதான் எல்லாம். மொழிமாற்றம் தேவைப்படாததால் பல நாடுகளுக்குப் போனது. 2022-இல் அந்த நிறுவனத்தைப் பிரிட்டனின் மூன்பக் வாங்கியது. உள்நாட்டுப் பார்வையாளர் கூட்டம் சிறியதாக இருக்கும் ஊரில் வெளிநாட்டுக் குழந்தைக்கும் புரியும்படி செய்வதே பிழைப்பு. அதனால் முகபாவத்தாலும் உடலாலும் கதை சொல்லத் தெரிந்தவர்களுக்கு இங்கே எப்போதும் மதிப்பு. ஸ்பார்க்கி அனிமேஷன், ஓமன்ஸ் ஸ்டூடியோஸ், ரோபாட் பிளேகிரவுண்ட் மீடியா போன்றவற்றின் வேலைகளையும் தேடிப் பாருங்கள். இந்தோனேசியாவின் பாத்தாம் தீவில் இன்ஃபினிட் ஸ்டூடியோஸ் இருக்கிறது, படகேறினால் ஒரு மணி நேரம்.

விண்ணப்பித்ததும் பெரும்பாலும் சோதனை ஷாட் ஒன்று தருவார்கள். அவர்களுடைய ரிக், ஒரு குரல் துண்டு, சில நாள் அவகாசம். அவகாசத்துக்குள் அனுப்புங்கள், மெருகு குறைந்தாலும் நடிப்புத் தெளிவாக இருந்தால் அழைப்பார்கள். நேர்காணலில் ஒரு குறிப்புச் சொல்லி அங்கேயே மாற்றச் சொல்வதும் உண்டு. அவர்கள் சோதிப்பது கையை மட்டுமில்லை; திருத்தம் சொன்னால் முகம் சுண்டுகிறதா என்பதையும்தான். சம்பளம் இல்லாமல் பல நிமிடத்துக்கு முழு வேலையையே ‘சோதனை’ என்ற பெயரில் வாங்கப் பார்த்தால் பணிவாக விலகிக்கொள்ளுங்கள்.

தமிழ்நாட்டிலிருந்து இங்கே வேலைக்கு வர நினைப்போருக்கு ஒரு தகவல். எம்ப்ளாய்மெண்ட் பாஸ் என்னும் வேலை அனுமதிக்கான குறைந்தபட்ச மாதச் சம்பளம் 2025 ஜனவரி முதல் 5,600 வெள்ளி; வயது கூடினால் அதுவும் கூடும். அதோடு காம்பஸ் என்னும் புள்ளி முறையையும் கடக்க வேண்டும். புதிதாகப் படிப்பு முடித்த அனிமேட்டருக்கு இந்தத் தொகையைக் கொடுக்க ஸ்டூடியோக்கள் தயங்கும். சென்னையிலோ ஹைதராபாத்திலோ சில ஆண்டுகள் வேலை செய்து, லீட் (குழுவை வழிநடத்துபவர்) என்ற பொறுப்போடு விண்ணப்பிப்பதே நடைமுறைக்கு உகந்தது.

எட்டாம் படி: ஸ்டூடியோவுக்குள்

காலையில் ‘டெய்லிஸ்’. நேற்றுச் செய்த வேலையைப் பெரிய திரையில் போட்டு, இயக்குநரும் அனிமேஷன் சூப்பர்வைசரும் குறிப்புச் சொல்வார்கள். நீங்கள் உயிரைக் கொடுத்துச் செய்த ஷாட்டைக் கதை மாறிவிட்டது என்று ஒரே வரியில் வெட்டுவார்கள். அது உங்களைப் பற்றிய தீர்ப்பு அன்று. குறிப்பை எழுதிக்கொள்ளுங்கள், புரியாததை அங்கேயே கேளுங்கள், “நான் நினைத்தது என்னவென்றால்” என்று தொடங்கும் நீண்ட விளக்கங்களைத் தவிருங்கள். விளக்கம் தேவைப்படும் ஷாட் திரையரங்கிலும் விளக்கம் கேட்கும். அங்கே சொல்ல நீங்கள் இருக்கமாட்டீர்கள்.

குழந்தைகளுக்கான படைப்புகளுக்கென்று சில கண்டிப்புகள் உண்டு. பார்த்ததைச் செய்து பார்க்கும் வயது அது. ஆகவே சைக்கிள் ஓட்டினால் தலைக்கவசம், காரில் இருக்கைவார், சன்னல் விளிம்பில் ஏறி நிற்பது கூடாது, பிளாஸ்டிக் பையைத் தலையில் மாட்டும் நகைச்சுவை கூடவே கூடாது. அடுக்குமாடி வீடுகளில் வாழும் நமக்குச் சன்னல் விதியின் அருமையைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. பளிச்சிடும் வெளிச்சத்துக்கும் வரம்பு உண்டு: 1997 டிசம்பரில் ஜப்பானியக் கார்ட்டூன் தொடர் ஒன்றின் வேகமான சிவப்பு - நீல மினுக்கலைப் பார்த்து அறுநூறுக்கும் மேற்பட்ட பிள்ளைகள் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். இன்று பல ஒளிபரப்பாளர்கள் மினுக்கல் பரிசோதனையில் தேறாத படைப்பை வாங்குவதில்லை.

வேகமும் மாறும். படத்தில் வாரத்துக்குச் சில விநாடிகள் என்றால், தொடரில் அதைப்போலப் பல மடங்கு. எல்லா ஷாட்டையும் ஒரே தரத்தில் செய்ய முயல்பவர் இரண்டு மாதத்தில் படுத்துவிடுவார். அந்த வாரத்தில் எந்த ஷாட் கதையைத் தாங்குகிறது என்று லீடிடம் கேட்டு, அதற்கு மட்டும் உயிரைக் கொடுங்கள்.

இடைநிலைகளை நிரப்புவது, பின்னணியைத் துப்புரவாக்குவது போன்ற வேலைகளில் செயற்கை நுண்ணறிவு நுழைந்துவிட்டது. தொடக்கநிலை ஊழியர்கள் கைப்பழகிய வேலைகள் இவைதான் என்பதால் கவலை நியாயமானது. பாட்டி மெல்லாமல் நிற்க வேண்டும் என்று முடிவு செய்யும் இடத்தில் நின்றுகொள்ளுங்கள் என்பதே என் ஆலோசனை.

ஒன்பதாம் படி: காசும் காகிதமும்

“கார்ட்டூன் போட்டால் சோறு கிடைக்குமா?” என்று தீபாவளிக்கு வரும் மாமா கேட்பார். கிடைக்கும், தொடர்ந்து கிடைக்க வேண்டுமானால் ஒப்பந்தத்தைப் படிக்கத் தெரிய வேண்டும்.

முழுநேர ஊழியராக, 55 வயதுக்குட்பட்டவராக இருந்தால், மத்திய சேம நிதிக்கு உங்கள் சம்பளத்தில் 20 விழுக்காடும் முதலாளியின் பங்காக 17 விழுக்காடும் போகும். தன்னுரிமைத் தொழிலராக இருந்தால் அந்த 17 விழுக்காடு கிடையாது. ஆண்டு நிகர வருமானம் 6,000 வெள்ளியைத் தாண்டினால் மெடிசேவ் என்னும் மருத்துவச் சேமிப்புக் கணக்குக்கு நீங்களே கட்டியாக வேண்டும். ஆகவே, இரண்டு வாய்ப்புகளை ஒப்பிடும்போது மாதத் தொகையை மட்டும் பார்க்காதீர்கள். கூடுதல் நேர ஊதியம் பற்றிய சட்டப் பாதுகாப்பும் உடலுழைப்பில்லாத வேலைகளில் மாத அடிப்படைச் சம்பளம் 2,600 வெள்ளி வரை பெறுபவர்களுக்குத்தான். அனிமேட்டர்கள் பெரும்பாலும் அதற்கு வெளியே. இறுதிக்கட்ட நெருக்கடியில் இரவு தங்கினால் ஈடுவிடுப்பு உண்டா என்று சேரும் முன்பே கேட்டுவிடுவது நல்லது.

தன்னுரிமை வேலைக்கு நான்கு விஷயங்கள் எழுத்தில் இருக்க வேண்டும்: எத்தனை விநாடி, எத்தனை சுற்றுத் திருத்தம், எந்தத் தேதியில் எவ்வளவு பணம், வேலை பாதியில் நின்றால் என்ன. ‘சின்ன மாற்றம்தான்’ என்ற சொல்லுக்கு எல்லை வகுக்காதவர் அந்தச் சின்ன மாற்றத்திலேயே மாதக்கணக்கில் கிடப்பார். பணம் வராமல் போனால் 20,000 வெள்ளி வரையிலான வழக்குகளைச் சிறு கோரிக்கைகள் நடுவர் மன்றத்தில் வழக்கறிஞர் இல்லாமலே கொண்டுபோகலாம். இரு தரப்பும் ஒப்புக்கொண்டால் 30,000 வரை.

பதிப்புரிமையில் 2021 நவம்பர் 21 முதல் நடப்பில் இருக்கும் சட்டத்தைத் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள். ஊழியராக வேலையின் பகுதியாகச் செய்தது முதலாளிக்கே சொந்தம். வெளியிலிருந்து கேட்டு நீங்கள் செய்துகொடுத்த படைப்பு, ஒப்பந்தம் வேறுவிதமாகச் சொல்லாவிட்டால், முதலில் உங்களுக்கே. நடைமுறையில் ஒப்பந்தம் பெரும்பாலும் வேறுவிதமாகத்தான் சொல்லும். அதனால் உரிமையை விட்டுக்கொடுப்பது தெரிந்து செய்யும் வணிகமாக இருக்கட்டும். படைத்தவரின் பெயரைக் குறிப்பிட வேண்டும் என்ற உரிமையையும் அதே சட்டம் தருகிறது. அதோடு, பெயர்ப் பட்டியலில் இடம், படம் வெளியான பிறகு உங்கள் ஷாட்டுகளை ரீலில் காட்ட அனுமதி ஆகிய இரண்டையும் கேட்டு எழுதி வாங்குங்கள். பலர் கேட்காததாலேயே கிடைப்பதில்லை.

பத்தாம் படி: சொந்தக் கதை

சில ஆண்டுகளுக்குப் பிறகு லீட், சூப்பர்வைசர் என்று மேலே போகலாம். அங்கே அனிமேஷன் குறைந்து கூட்டங்கள் கூடும். எல்லாருக்கும் அது பிடிப்பதில்லை, பிடிக்காமல் கீழேயே நின்று நாற்பது வயதிலும் அருமையான ஷாட்டுகளைச் செய்பவர்களை நான் தோல்வியாளர்களாக நினைக்கவில்லை.

சொந்தமாகக் கதை வைத்திருப்பவர்கள் இரண்டு நிமிட முன்னோட்டத்தையும் பத்துப் பக்கத் தொடர்க் குறிப்பையும் தயார் செய்யுங்கள்: பாத்திரங்கள், உலகம், யாருக்கான படைப்பு, எத்தனை பகுதி. டிசம்பரில் மரீனா பே சாண்ட்ஸில் கூடும் ஏஷியா டிவி ஃபோரம் என்னும் தொலைக்காட்சிப் படைப்புச் சந்தைக்கு வெளிநாட்டு வாங்குபவர்கள் வருகிறார்கள். ஆதரவுத் திட்டங்களுக்குத் தகவல்தொடர்பு ஊடக மேம்பாட்டு ஆணையத்தின் அறிவிப்புகளைக் கவனித்து வாருங்கள். தமிழில் செய்ய நினைத்தால், சிங்கப்பூரின் தமிழ்த் தொலைக்காட்சியான வசந்தம் ஒளிவழிக்கு ஏற்ற குறுந்தொடராக முதலில் யோசித்து, காட்சிகளை வசனம் குறைவாக அமையுங்கள். பின்னர் வேறு மொழிக்குப் போக அதுவே வழி. எடுத்தவுடன் புராண நாயகரைத் தேடவும் வேண்டாம். சிராங்கூன் சாலை மளிகைக் கடையில் பாக்கெட் அடுக்கும் பையனுக்கும் கடைப் பூனைக்கும் இடையே நடக்கும் போரை இன்னும் யாரும் எடுக்கவில்லை.

வாங்குபவர் ஆர்வம் காட்டினால் உடனே தலையாட்டிவிடாதீர்கள். எந்த நாடுகளுக்கு, எத்தனை ஆண்டுகளுக்கு, பொம்மையும் சட்டையும் விற்றால் பங்கு எவ்வளவு, இரண்டாம் பருவத்தை யார் செய்வது என்ற நான்கையும் வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டுங்கள். அவருக்குக் கொடுக்கும் கட்டணத்தை முன்னோட்டத்துக்கான செலவுக் கணக்கிலேயே முதல் நாளே எழுதி வையுங்கள்.